ஹாங்காங் வளர்த்த செல்லப் பெண்

ஹாங்காங்குக்குப் போய்விட்டு வருகிறவர்களைப் பார்த்து நம் வீட்டுப் பெண்மணிகள் கேட்கும் முதல் கேள்வி, "என்ன வாங்கி வந்தீர்கள்?" என்பது. இரண்டாவது கேள்வி, "என்ன விலை?" மூன்றாவது கேள்வி பிறப்பதற்குள் பெட்டியைத் திறந்து சாமான்களைக் கூடத்தில் பரப்பியாகிவிடும். கடைவீதியைத் தவிர அந்த ஊரில் வேறு என்னதான் இருக்கிறது என்று விசாரிப்பார் யாரும் இல்லை.

கடைகள் எங்கேயும் ஓடிப்போய்விடாது. அவை இருக்கட்டும். இந்த வாரம் நாம் ஹாங்காங்கை வேறு ஒரு தினுசாகச் சுற்றிப் பார்க்கலாம். வழிகாட்டிப் புத்தகம் வேண்டாம். ஒரு பெண்மணியின் வாழ்க்கைக் கதை போதும். அவர் பெயர் ஸியாவ் ஃபாங் ஃபாங். சீன மொழியில் 'ஃபாங்' என்றால் நறுமணம். வாசனையை ஒரு முறை சொன்னால் போதாது என்று இரண்டு முறை சொல்லிப் பெயர் வைத்திருக்கிறார்கள்! ஆங்கிலம் பேசுகிறவர்கள் அவரை ஜோஸபின் ஸியாவ் என்பார்கள். ஏறக்குறைய நாற்பது வருஷம், இருநூறுக்கும் மேற்பட்ட படங்கள். அநாதைக் குழந்தை, வாள் வீரி, ஊர்சுற்றிப் பெண், கோமாளி, சண்டை போடும் தாயார், அலுத்துக் களைத்த மருமகள் என்று அவர் போடாத வேஷம் இல்லை. அந்த ஊர்ப் பாட்டிமார்களும் அவரை அறிவார்கள், பேத்திமார்களும் அறிவார்கள்.

படகில் ஆரம்பிப்போம்

ஹாங்காங்கில் பார்க்க வேண்டியவற்றுள் மிகவும் மலிவானவற்றில் ஒன்று ஸ்டார் படகு. பச்சையும் வெள்ளையுமாகச் சாயம் பூசிய இரட்டைத் தட்டுப் படகு. ஒவ்வொரு படகுக்கும் ஏதாவது ஒரு நட்சத்திரத்தின் பெயர். பெஞ்சியின் முதுகுச் சாய்மானத்தை முன்னுக்கும் பின்னுக்கும் தள்ளிக்கொள்ளலாம். படகு எந்தத் திசையில் போனாலும் நாம் முன்னே பார்த்து உட்காரலாம் அல்லவா? இந்தப் படகுச் சேவையை 1888-ம் வருஷத்தில் தொடங்கி வைத்தவர் நம் தேசத்திலிருந்து போன பார்ஸிக்காரர் தோராப்ஜி நவ்ரோஜி என்பதை நாம் கொஞ்சம் பெருமையோடு நினைத்துக்கொள்ளலாம்.

தீவிலிருந்து பத்து நிமிஷத்துக்குள் படகு நம்மை எதிர்க்கரையான கௌலூனில் இறக்கிவிடுகிறது. இறங்கினவுடன் எதிரே செங்கல் நிறத்தில் ஒரு மணிக்கூண்டு. 1915-ம் வருஷத்தில் கட்டியது. முன்பு இங்கே ஒரு பெரிய ரயில் நிலையம் இருந்தது. அது 1975-ல் வேறிடத்துக்குப் போய்விட்டது. கட்டடத்தையும் பின்னர் இடித்துவிட்டார்கள். மணிக்கூண்டு மாத்திரம் தனியாக நிற்கிறது. சீனாவின் உள்நாட்டுப் போருக்கு அஞ்சி வந்த எத்தனையோ குடும்பங்கள் மூட்டை முடிச்சுகளுடன் இந்த மணிக்கூண்டின் கீழே நின்று, இனி எங்கே போவது என்று விழித்திருக்கின்றன.

1949-ம் வருஷத்தில் ஷாங்காய் நகரிலிருந்து ஹாங்காங்குக்கு வந்து சேர்ந்த குடும்பங்களில் ஒன்றில் இரண்டு வயதுப் பெண் குழந்தை ஒன்று இருந்தது. அதுதான் நம் ஃபாங் ஃபாங். 1947 மார்ச்சு மாதம் பிறந்தவள். ஊர் மாறி வந்த கொஞ்ச நாளில் தகப்பனார் காலமானார். அந்நிய ஊர், தாய்மொழியோ ஷாங்காய் மொழி, சுற்றியிருப்பவர்கள் பேசுவதோ காண்டனீஸ். கையில் ஒரு குழந்தையோடு நின்ற அந்தத் தாயாரின் மனம் என்ன பாடுபட்டிருக்கும் என்பதை நம் சகோதரிகளுக்கு நான் விவரிக்க வேண்டியதில்லை.

அப்போது ஹாங்காங் எப்படி இருந்தது என்பதற்கு ஒன்று சொன்னால் போதும். யுத்தம் முடிந்தபோது ஆறு லட்சம் பேர் இருந்த ஊரில், ஐந்தாறு வருஷத்துக்குள் இருபது லட்சம் பேர் வந்து அடைந்துவிட்டார்கள். மலைச்சரிவெல்லாம் தகரமும் பலகையும் கொண்டு கட்டிய குடிசைகள். 1953-ம் வருஷம் கிறிஸ்துமஸ் இரவில் ஷெக் கிப் மெய் என்ற குடிசைப் பகுதியில் நெருப்புப் பிடித்து ஐம்பதினாயிரத்துக்கு மேற்பட்டவர்கள் ஒரே ராத்திரியில் வீடிழந்தார்கள். ஊர் அப்படித் தத்தளித்துக்கொண்டிருந்த காலத்தில்தான் ஆறேழு வயதுச் சிறுமி ஒருத்தி காமிராவுக்கு முன்னால் போய் நின்றாள். வீட்டில் அடுப்பு எரிய வேண்டுமே!

வைரமில்லாத வைரக் குன்று

கௌலூனின் வடகிழக்கே 'டயமண்ட் ஹில்' என்று ஓர் இடம் இருக்கிறது. பாதாள ரயிலில் போகலாம். வைரக் குன்று என்றதும் ஆசையோடு போகிறவர்களுக்கு ஏமாற்றம்தான். அங்கே கல்லுடைத்த இடம் உண்டே தவிர வைரம் கிடைத்ததில்லை. கல்லைத் துளைப்பதற்கும் வைரத்துக்கும் சீன மொழியில் ஒரே எழுத்துக்கள். ஆங்கிலத்தில் பெயர் எழுதியவர் வைரம் என்றே எழுதிவிட்டார் என்று சொல்வார்கள்.

ஆனால் வேறுவித வைரங்கள் அங்கே பட்டை தீட்டப்பட்டது உண்மை. அந்தச் சுற்றுவட்டாரத்தில் சினிமா ஸ்டூடியோக்கள் இருந்தன. பக்கத்திலிருந்த தாய் ஹோம் என்ற ஏழைக் கிராமத்தில் சினிமாக்காரர்கள் பலர் குடியிருந்தார்கள். பின்னால் பெயர் பெற்ற ராய் சியாவ் என்ற நடிகரும் அவர்களில் ஒருவர். இந்தப் பெயரைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு தேவைப்படும். அந்தக் கிராமம் இப்போது இல்லை. அந்த இடத்தருகே ரயில் நிலையத்தின் மேல் பெரிய கடைத் தொகுதி ஒன்று எழுந்திருக்கிறது. அதற்கு 'பிளாஸா ஹாலிவுட்' என்று பெயர். பழைய சினிமா வாசனைக்கு அது ஒன்றுதான் சாட்சி. சாலையைத் தாண்டினால் சீ லின் கன்னிமாடம் என்ற பௌத்த ஆலயம். ஓர் இரும்பு ஆணிகூட இல்லாமல் மரத்தோடு மரத்தைப் பொருத்தியே கட்டியிருக்கிறார்கள். நிம்மதியாக உட்கார்ந்து பழைய கதை பேச இதைவிட நல்ல இடம் கிடையாது.

அந்த நாளில் ஹாங்காங்கில் ஒரே ஊருக்குள் இரண்டு சினிமா உலகங்கள் இருந்தன. ஒன்று, வடக்கத்திய மாண்டரின் மொழிப் படங்கள். பணமும் பகட்டும் அதிகம். மற்றொன்று, உள்ளூர் ஜனங்கள் வீட்டிலும் சந்தையிலும் பேசும் காண்டனீஸ் மொழிப் படங்கள். செலவு குறைவு, எண்ணிக்கை அதிகம். ஒரு வருஷத்தில் நூற்றைம்பது படங்களுக்கு மேல் வந்த காலம் அது. சிங்கப்பூரிலும் மலேயாவிலும் உள்ள சீனக் கொட்டகைக்காரர்கள் படம் எடுப்பதற்கு முன்பே முன்பணம் கொடுத்துவிடுவார்கள். யார் யார் நடிக்கிறார்கள் என்ற பட்டியலைக் காட்டினால் போதும். அந்தப் பணத்தை வைத்துக்கொண்டு அவசரம் அவசரமாகப் படத்தை முடிக்க வேண்டும். ஏழே நாளில் எடுத்து முடித்த படங்களும் உண்டு. 'ஏழு நாள் புதுசு' என்று அவற்றுக்கு வேடிக்கையாகப் பெயர் வைத்திருந்தார்கள், மீன் கடையில் சொல்கிற மாதிரி!

இந்த இரண்டு உலகத்திலும் புகுந்து புறப்பட்டவள் சிறுமி ஃபாங் ஃபாங். ஐம்பதுகளின் நடுவில் தென்கிழக்கு ஆசியப் படவிழாவில் சிறந்த குழந்தை நட்சத்திரம் என்ற பரிசு அவளுக்குக் கிடைத்தது. பிறகு, பிரெஞ்சு ஆசிரியர் எக்டர் மாலோ எழுதிய பிரசித்தமான அநாதைச் சிறுவனின் கதையைச் சீனப் படமாக எடுத்தபோது அதில் முக்கிய வேஷம். அது 1960-ல் திரைக்கு வந்தது. திரையில் அந்தக் குழந்தை அழுதபோது கொட்டகையே அழுதது. ஆனால் திரைக்கு வெளியே அந்தக் குழந்தைக்கு ஒழுங்கான பள்ளிக்கூடம் கிடைக்கவில்லை என்பதைப் பற்றி யார் அழுதார்கள்? மற்றக் குழந்தைகள் புத்தகப் பையைத் தூக்கிக்கொண்டு போகும் நேரத்தில் அவள் முகத்துக்கு அரிதாரம் பூசிக்கொண்டிருந்தாள். குடும்பத்துக்குச் சம்பாதிக்கும் குழந்தையை ஊர் 'செல்லம்' என்று கொண்டாடும். அந்தச் செல்லத்துக்கு அது கொடுக்கும் விலை என்ன என்று கணக்குப் பார்ப்பதில்லை. இந்தக் கணக்கை ஃபாங் ஃபாங் தாமே பிற்காலத்தில் பார்த்துத் தீர்த்தார். அதையும் சொல்கிறேன்.

ஏழு சகோதரிகள்

ஃபன் குக் ஃபா என்று ஓர் அம்மாள் இருந்தார். வடக்கத்திய சீன இசை நாடகத்தில் வாள் வீச்சிலும் குட்டிக்கரணத்திலும் கைதேர்ந்தவர். ஹாங்காங்கில் குழந்தைகளுக்கு அந்த வித்தையைக் கற்றுக் கொடுத்து வந்தார். காலைத் தூக்கு என்றால் தலைக்கு மேலே தூக்க வேண்டும். கண்ணில் நீர் வந்தாலும் கால் கீழே வரக்கூடாது. இந்த அம்மாளிடம் சிட்சை பெற்றவர்களில் இரண்டு பெண்கள் அறுபதுகளில் காண்டனீஸ் சினிமாவையே ஆண்டார்கள். ஒருத்தி நம் ஃபாங் ஃபாங். மற்றவர் கோனி சான் என்ற சான் போ சூ.

1960-களின் நடுவில் ஏழு இளம் நடிகைகள் சேர்ந்து ஒருவருக்கொருவர் சகோதரிகள் என்று உறுதி செய்துகொண்டார்கள். பத்திரிகைகள் அவர்களை 'ஏழு இளவரசிகள்' என்றன. அவர்களுள் முதன்மையாக நின்ற இரண்டு பேர் இவர்கள்தாம். இரண்டு பேரும் சேர்ந்து நடித்தார்கள். ஆனால் ரசிகர்கள் சேர்ந்து இருக்கவில்லை! கோனி சான் கட்சி, ஃபாங் ஃபாங் கட்சி என்று ஊரே இரண்டாகப் பிரிந்தது.

அந்த ரசிகர்கள் யார் தெரியுமா? பெரும்பாலும் தொழிற்சாலைப் பெண்கள். அந்தச் சமயத்தில் ஹாங்காங்கில் பிளாஸ்டிக் பூ, பொய்முடி, உடுப்பு முதலியவற்றைத் தயாரிக்கும் ஆலைகள் நூற்றுக்கணக்கில் இருந்தன. பதினைந்து, பதினாறு வயதுப் பெண்கள் அங்கே வேலை செய்து தம்பிமார்களைப் படிக்க வைத்தார்கள். சம்பளத்தில் பெரும்பகுதியைத் தாயார் கையில் கொடுத்துவிட்டு, மிஞ்சிய சில்லறையில் வாரம் ஒரு சினிமா. திரையில் தங்கள் வயதுள்ள ஒரு பெண் வாளை உருவிக்கொண்டு கூரைமேல் பாய்ந்தால், அந்தப் பெண்களுக்குத் தையல் மெஷின் முன்னால் குனிந்து வலித்த முதுகு கொஞ்சம் நிமிர்ந்தது. 1966-ல் வந்த வண்ணப் படமான 'வண்ண இளமை'யில் இரண்டு நட்சத்திரங்களும் பாடி ஆடினார்கள். அந்தக் காலத்து ஹாங்காங் யுவதிகளின் கனவு என்னவென்று தெரிந்துகொள்ள அந்த ஒரு படம் போதும்.

இப்படிப் புகழ் உச்சத்தில் இருக்கும்போது மற்றவர்கள் என்ன செய்வார்கள்? அதே வேஷத்தை இன்னும் பத்து வருஷம் போடுவார்கள். ஃபாங் ஃபாங் அதைச் செய்யவில்லை. 1969-ல் லுங் கொங் என்ற டைரக்டரின் படத்தில், சீர்திருத்தப் பள்ளிக்கு அனுப்பப்பட்டு, அங்கிருந்து தப்பி, தாயாரைக் கெடுத்தவனைப் பழிவாங்கப் போகும் முரட்டுப் பெண்ணாக நடித்தார். செல்லப் பெண்ணை அந்தக் கோலத்தில் பார்த்த ரசிகர்கள் திடுக்கிட்டுப் போனார்கள். அதை விடப் பெரிய திடுக்கீடு அடுத்தபடியாக வந்தது. படிக்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டு அவர் அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறாத குறையாகக் கிளம்பிவிட்டார். நியூ ஜெர்ஸியில் உள்ள ஸீடன் ஹால் சர்வகலாசாலையில் சேர்ந்து பட்டம் பெற்றார். சிறு வயதில் கைநழுவிப் போன புத்தகப் பையை இருபது வயதுக்கு மேல் தாமே எடுத்து மாட்டிக்கொண்டார்!

மொழி போயிற்று, மொழி வந்தது

அவர் ஊரில் இல்லாத அந்தச் சில வருஷங்களில் காண்டனீஸ் சினிமா படுத்துவிட்டது. 1967 நவம்பரில் இலவச டெலிவிஷன் வந்தது. வீட்டிலேயே காண்டனீஸில் நாடகமும் பாட்டும் கிடைத்த பிறகு கொட்டகைக்கு ஏன் போக வேண்டும்? மாண்டரின் படங்களோ பெரிய பெரிய செட்டுகளுடனும் கலரில் தெறிக்கும் ரத்தத்துடனும் வந்து போட்டி போட்டன. 1972-ல் காண்டனீஸ் படம் என்று சொல்லிக்கொள்ள அநேகமாக ஒன்றும் இல்லாமற் போயிற்று. ஊரில் பெரும்பாலோர் பேசும் மொழிக்கு ஊர்த் திரையில் இடமில்லை!

மறு வருஷமே சோர் யுவன் என்ற டைரக்டர் 'எழுபத்திரண்டு குடித்தனக்காரர்கள்' என்று ஒரு படத்தைக் காண்டனீஸில் எடுத்தார். ஒண்டுக் குடித்தனத்தின் கூச்சலும் குழாயடிச் சண்டையும்தான் கதை. ஜனங்கள் தங்கள் பேச்சைத் திரையில் மறுபடி கேட்டதும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அந்த வருஷத்து வசூலில் அதுவே முதலிடம். போன மொழி திரும்பி வந்துவிட்டது.

திரும்பி வந்த ஃபாங் ஃபாங்கும் சும்மா இருக்கவில்லை. 1976-ல் லியோங் போ சீ என்பவருடன் சேர்ந்து 'ஜம்பிங் ஆஷ்' என்ற துப்பறியும் படத்தை டைரக்ட் செய்தார். ஹாங்காங் தெருக்களை உள்ளது உள்ளபடி காட்டிய அந்தப் படம், பின்னால் வந்த புதிய அலைக்கு முன்னோடி என்று இன்றும் பேசுகிறார்கள். இன்னொரு பக்கம் டெலிவிஷனில் லாம் ஆ சுன் என்ற அசட்டுப் பெண்ணாக வேஷம் போட்டார். மூக்குக் கண்ணாடி, பொருந்தாத உடை, எங்கே போனாலும் ஒரு தகராறு. அழகுச் சிலையாக இருந்த நட்சத்திரம் தம்மைத் தாமே அவலட்சணமாக்கிக்கொண்டு ஊரைச் சிரிக்க வைத்தார். 1978-ல் அது சினிமாவாகவும் வந்தது. பிறகு 1982-ல் வந்த ஒரு லாம் ஆ சுன் படத்தை டைரக்ட் செய்தவர் ஜான் வூ. ஆம், பிற்காலத்தில் துப்பாக்கிப் படங்களால் ஹாலிவுட் வரை போனாரே, அதே ஜான் வூதான்!

பேய்கள் குடியேறிய தீவு

ஹாங்காங்குக்குப் போகிறவர்கள் ஒரு நாளை மிச்சம் பிடித்துச் சுங் சாவ் தீவுக்குப் போய் வர வேண்டும். மத்திய நகரத்துத் துறையிலிருந்து சாதாரணப் படகில் ஒரு மணிக்குச் சற்றுக் குறைவான நேரம். தீவில் மோட்டார் கார் கிடையாது. மீன் கருவாட்டு வாசனையும் சைக்கிள் மணியும்தான் வரவேற்கும். நம் வைகாசியை ஒட்டிய நாட்களில் இங்கே 'பன்' திருவிழா என்று ஒன்று நடக்கிறது. பாக் தாய் கோயிலுக்கு முன்னால் கோபுரம் கோபுரமாக ரொட்டிகளை அடுக்குகிறார்கள். மூங்கிலால் பெரிய கொட்டகை போட்டு இசை நாடகமும் நடத்துகிறார்கள். தெய்வங்களும் ஆவிகளும் நாடகம் பார்க்க வருவதாக ஐதீகம்.

இந்தத் தீவில்தான் 1980-ல் 'ஸ்பூக்கி பன்ச்' என்ற படத்தை எடுத்தார்கள். ஓட்டை உடைசல் நாடகக் கோஷ்டி ஒன்று தீவுக்கு வருகிறது. பழைய பகையைத் தீர்த்துக்கொள்ளப் பேய்களும் கோஷ்டியில் சேர்ந்துவிடுகின்றன. ஒரே சமயத்தில் சிரிக்கவும் நடுங்கவும் வைக்கும் கதை. உதிரி வேஷம் போடும் நடிகையாக ஃபாங் ஃபாங் நடித்தார். படத்தைத் தயாரித்தவரும் அவரே. டைரக்டர் ஆன் ஹுய் என்ற பெண்மணி. இவரும் 1947-ல் பிறந்தவர். தமக்குச் சமவயதான, அப்போது அதிகம் அறிமுகமாகாத ஒரு பெண் டைரக்டரை நம்பி ஒரு நட்சத்திரம் பணம் போட்டார் என்றால், அது சாமானிய காரியமா? அந்த நம்பிக்கை பதினைந்து வருஷம் கழித்து வட்டியும் முதலுமாகத் திரும்பி வந்தது.

கேளாத காதுகள்

இந்த இடத்தில் இதுவரை நான் சொல்லாத ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டும். ஃபாங் ஃபாங்குக்குக் குழந்தைப் பருவத்திலேயே ஒரு ஜுரத்தின் விளைவாக வலது காது கேளாமற் போய்விட்டது. ஒரு காதை வைத்துக்கொண்டுதான் அத்தனை படங்களிலும் நடித்தார். வயது ஏற ஏற இடது காதின் சக்தியும் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்தது.

நடிப்பு என்பது பாதி கேட்பது. எதிரே இருப்பவர் எப்போது பேசி முடிக்கிறார், எந்தச் சொல்லில் குரல் தழுதழுக்கிறது என்று கேட்டால்தானே பதில் சொல்லும் முகம் சரியாக மாறும்? காது கைவிட்டபோது அவர் கண்ணை நம்பினார். எதிரிலிருப்பவரின் உதட்டசைவைப் பார்த்து நடித்தார். இதைத் தெரிந்துகொண்ட பிறகு அவருடைய பிற்காலப் படங்களைப் பார்த்தால், அந்தக் கண்கள் ஏன் அவ்வளவு கூர்மையாக எதிரே இருப்பவரைப் பார்க்கின்றன என்று நமக்குப் புரிகிறது.

அந்தப் பிற்காலப் படங்கள்தாம் எத்தனை வகை! 1987-ல் வந்த ஒரு ஹாஸ்யப் படத்துக்காக மறு வருஷம் ஹாங்காங் திரைப்பட விருதில் சிறந்த நடிகைப் பரிசு பெற்றார். 1993-ல் 'ஃபாங் ஸாய் யூக்' என்ற சண்டைப் படத்தில் ஜெட் லீக்குத் தாயாராக வந்தார். தாயார் என்றால் மூலையில் உட்கார்ந்து கண்ணைக் கசக்கும் தாயார் அல்ல. ஆண் வேஷம் போட்டுக்கொண்டு மேடையேறி, மகன் விட்டுவிட்டு வந்த போட்டியில் தாம் ஜெயித்துவிடும் தாயார்! ஆண்பிள்ளை என்று நம்பி வேறொரு பெண்மணி அவர்மீது காதல் கொண்டுவிடுவது அந்தப் படத்தின் பெரிய வேடிக்கை. ஃபன் குக் ஃபா அம்மாளிடம் சின்ன வயதில் கண்ணீர் விட்டுக் கற்ற வித்தை நடுத்தர வயதில் கைகொடுத்தது.

நாற்பது வயதுப் பெண்

இனி, நம் சகோதரிகள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டிய படத்துக்கு வருகிறேன். 1995-ல் ஆன் ஹுய் டைரக்ட் செய்தது. ஆங்கிலத்தில் 'கோடைப் பனி' என்று பொருள்படும் பெயர். சீனப் பெயர் இன்னும் நேரானது: 'பெண், நாற்பது.'

மே என்பவள் நடுத்தர வர்க்கத்துக் குடும்பத் தலைவி. ஆபீஸுக்குப் போகிறாள், வீட்டையும் நடத்துகிறாள். மீன் கடையில், உயிருள்ள மீனுக்கு ஒரு விலை, செத்த மீனுக்கு வேறு விலை. மே என்ன செய்கிறாள் தெரியுமா? கடைக்காரன் பார்க்காத சமயத்தில் மீனின் தலையில் ஓர் அறை! மீன் மண்டையைப் போட்டதும் செத்த மீன் விலைக்கு வாங்கிக்கொண்டு நடையைக் கட்டுகிறாள். குடும்பத்தின் வரவு செலவையும், அவள் சாமர்த்தியத்தையும், அவள் களைப்பையும் இந்த ஒரு காட்சியில் சொல்லிவிட்டார்கள்.

மாமியார் திடீரென்று இறந்து போகிறாள். மாமனார், ஒரு காலத்தில் விமானப் படையில் இருந்தவர். மருமகளைக் கண்டாலே பிடிக்காதவர். அவருக்கு ஞாபகம் தப்பிக்கொண்டே போகும் வியாதி. சொந்தப் பிள்ளைகளின் முகம்கூட மறந்து போகிறது. கடைசியில் அவருக்கு அடையாளம் தெரிகிற ஒரே ஆள், அவருக்குப் பிடிக்காத இந்த மருமகள்தான்! குடையைப் பாரசூட் என்று நினைத்துக்கொண்டு மேலிருந்து குதிக்கிறார். நமக்குச் சிரிப்பு வருகிறது. சிரித்து முடிப்பதற்குள் தொண்டை அடைக்கிறது. அந்த மாமனாராக நடித்தவர்தான், முன்பு ஞாபகம் வைத்துக்கொள்ளச் சொன்னேனே, தாய் ஹோம் கிராமத்து ராய் சியாவ்.

இந்தப் படத்தில் ஃபாங் ஃபாங் ஓர் இடத்திலும் வீர வசனம் பேசவில்லை. தியாகி என்று தம்மைச் சொல்லிக்கொள்ளவும் இல்லை. கோபப்படுகிறார், சலித்துக்கொள்கிறார், ஒரு நாள் மொட்டை மாடியில் தனியே அழுதாலும் அழுவோம் என்பது போன்ற முகத்துடன் மறுபடி சமையலறைக்குள் போகிறார். வயதானவர்களை வீட்டில் வைத்துப் பார்த்துக்கொண்ட எந்தப் பெண்ணும் அந்த முகத்தை எங்கோ கண்டிருக்கிறோமே என்று நினைப்பாள். தன் வீட்டுக் கண்ணாடியில்தான் கண்டிருப்பாள்.

பெர்லின் படவிழாவில் அந்த வருஷம் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடிப் பரிசை அவருக்கு அளித்தார்கள். மறு வருஷம் ஹாங்காங் திரைப்பட விருதுகளில் சிறந்த படம், டைரக்டர், நடிகர், நடிகை என்று பரிசுகளை அந்தப் படம் வாரிக்கொண்டு போயிற்று. தம் பள்ளிக்கூட வயதில் அழுது நடித்துப் பரிசு வாங்கியவர், நாற்பத்தேழு வயதில் அழாமல் நடித்து உலகப் பரிசு வாங்கினார்.

கண்ணுக்குத் தெரியாத கோடு

கௌலூனின் யாவ் மா தெய் பகுதியில் பழக்கடைகளுக்கு நடுவே ஒரு பழைய கொட்டகை இருக்கிறது. 1930-ல் கட்டியது. சினிமாக் கொட்டகையாக இருந்து மூடப்பட்டு, 2012 முதல் காண்டனீஸ் இசை நாடக அரங்காக நடந்து வருகிறது. தீவின் நார்த் பாயிண்ட் பகுதியில் அரை நூற்றாண்டு காலம் விளக்கெரிந்த சன்பீம் நாடகக் கொட்டகையோ 2025 மார்ச்சு மாதத்தில் கதவைச் சாத்திவிட்டது.

இந்த நாடகக்காரர்களின் பரிபாஷையில் 'ஹூ டூ மென்' என்று ஒரு சொல் உண்டு. மேடைக்கும் உள்ளறைக்கும் நடுவே உள்ள கண்ணுக்குத் தெரியாத கோடு அது. அதைத் தாண்டி மேடையில் காலை வைத்தால் நடிகன் தன் வீட்டை, கடனை, தலைவலியை மறந்துவிட வேண்டும். 1996-ல் இதையே பெயராகக் கொண்டு வந்த படத்தில், மேடையில் ஆண் வேஷம் போட்டுப் புகழ் பெற்ற நடிகையாக ஃபாங் ஃபாங் நடித்தார். மேடையில் கம்பீரமான ராஜா. வீட்டுக்கு வந்தால் ஒரு மனைவி, ஒரு தாயார். ஹாங்காங் சீனாவின் வசம் போவதற்கு ஒரு வருஷமே பாக்கி. ஊரை விட்டு ஆஸ்திரேலியாவுக்குப் போய்விடலாமா என்ற யோசனை வேறு. காது கேளாத நிலையில், இசை நாடக நடிகையின் வேஷம்! இதை என்னவென்று சொல்வது?

சம்பாதித்த பிறகு

அதற்குப் பிறகு அவர் படங்களிலிருந்து ஒதுங்கினார். ஆனால் ஓய்ந்து உட்காரவில்லை. இடையிலே குழந்தை மனோதத்துவத்தில் எம்.ஏ. பட்டமும் பெற்றிருந்தார். 1998-ல், சிறுவர் சிறுமியரைத் தகாத தீண்டலிலிருந்து காப்பதற்கென்று ஹாங்காங்கில் ஓர் அறநிலையத்தைத் தொடங்கினார். அப்படிப்பட்ட விஷயத்தை வீட்டில் பேசவே கூசுகிற சமூகம் அது. "உன் உடம்பு உன்னுடையது, பிடிக்காவிட்டால் மாட்டேன் என்று சொல், பெரியவர்களிடம் வந்து சொல்" என்று குழந்தைகளுக்கு மிரட்டாமல், பயமுறுத்தாமல், அவர்களுக்குப் புரியும்படி கற்றுக் கொடுப்பது அந்த நிலையத்தின் வேலை.

குழந்தையாக இருந்தபோது ஊர் தமக்குக் கொடுக்கத் தவறியதை, ஊரிலுள்ள மற்றக் குழந்தைகளுக்குத் தாம் கொடுக்க முனைந்தார். 2009-ல் ஹாங்காங் திரைப்பட விருதுக் குழு வாழ்நாள் சாதனைப் பரிசை அவருக்கு அளித்தது. அந்தப் பெண்மணியின் சாதனைகளில் எதைத் திரையில் சேர்ப்பது, எதை வாழ்க்கையில் சேர்ப்பது என்று பிரிப்பது கடினம்.

அவருடைய கூடப் பிறவாத சகோதரியும் போட்டியாளருமான கோனி சானைப் பற்றியும் ஒரு வார்த்தை. எழுபதுகளின் தொடக்கத்தில் திரையை விட்டுப் போன அவர் 1999-ல் நாடக மேடைக்குத் திரும்பி வந்தார். நூறு தடவைக்கு மேல் நடந்த அந்த நாடகத்தைப் பார்க்க வந்தவர்களில், பழைய தொழிற்சாலைப் பெண்கள் எத்தனையோ பேர். இப்போது அவர்களுக்கு நரைத்துவிட்டது. கட்சி மாத்திரம் மாறவில்லை!

ஹாங்காங்குக்குப் போகிற நேயர்களுக்கு இன்னும் ஓர் இடம் சொல்லி முடிக்கிறேன். தீவின் கிழக்கே ஸாய் வான் ஹோ என்ற ரயில் நிலையத்தில் இறங்கிச் சிறிது தூரம் நடந்தால், 2001 முதல் பொதுமக்களுக்குத் திறந்திருக்கும் திரைப்பட ஆவணக் காப்பகம் வரும். ஏழு நாளில் எடுத்து ஏழு நாளில் மறந்துவிட்ட படங்களைக்கூட அங்கே குளிர் அறையில் வைத்துப் பாதுகாக்கிறார்கள். உலகத்தின் பல மூலைகளில் உள்ள சீனக் கொட்டகைகளில் கேட்பாரற்றுக் கிடந்த சுருள்களையும் தேடிக் கொண்டுவந்து சேர்த்திருக்கிறார்கள். பழைய கறுப்பு வெள்ளைப் படங்களை அவ்வப்போது போட்டுக் காட்டுகிறார்கள். மொழி தெரியவில்லையே என்று தயங்க வேண்டாம். ஃபாங் ஃபாங் நடித்த படமாக இருந்தால் அவர் செய்ததையே நாமும் செய்யலாம். காதை மறந்துவிட்டுக் கண்ணால் கேட்கலாம்.